கார்கில் என்றொரு சாவி

மும்பையின் தெற்கு முனையில் கொலாபா என்றொரு பகுதி இருக்கிறது. பக்கத்திலேயே கடல், சுற்றிலும் ராணுவ, கடற்படைக் குடியிருப்புகள். அங்கே ஒரு ஃப்ளாட் வாங்க வேண்டுமென்றால் மாதச் சம்பளக்காரர் ஒருவர் ஏழு ஜென்மம் எடுத்துத் தவணை கட்ட வேண்டும். அந்த இடத்தில் 31 மாடிக்கு ஒரு கட்டடம் எழும்பியது. பெயர் ஆதர்ஷ். இந்தியில் ஆதர்ஷ் என்றால் 'முன்மாதிரி', 'இலட்சியம்' என்று பொருள். (பெயர் வைத்தவருக்கு நகைச்சுவை உணர்வு ஜாஸ்தி!) 2010 செப்டம்பரில் குடியேறலாம் என்று சான்றிதழ் கொடுத்தார்கள். இரண்டே மாதத்தில் அதை ரத்து செய்து, தண்ணீரையும் மின்சாரத்தையும் துண்டித்தார்கள்.

இந்தக் கதையை எல்லோரும் ஒரே மாதிரிதான் சொல்வார்கள். "கார்கில் போரில் செத்த வீரர்களின் விதவைகளுக்கு ஒதுக்கிய வீடுகளை அரசியல்வாதிகளும் அதிகாரிகளும் சுருட்டிக்கொண்டார்கள்." டீக்கடை முதல் டிவி ஸ்டூடியோ வரை இதே வசனம்தான். கேட்டவுடன் ரத்தம் கொதிக்கும். கொதிக்கவும் வேண்டும்.

ஆனால் விசாரணை ஆணையம் 2012-இல் ஒரு குண்டைத் தூக்கிப் போட்டது. அந்த நிலம் கார்கில் வீரர்களுக்கென்றோ விதவைகளுக்கென்றோ எந்தக் காலத்திலும் ஒதுக்கப்படவே இல்லை என்றது. அவ்வளவுதான். குற்றம் சாட்டப்பட்ட தரப்பு முழுக்க நிமிர்ந்து உட்கார்ந்தது. "பார்த்தீர்களா, விதவைகளின் வீட்டை யாரும் திருடவில்லை!"

இந்தப் பதிவு அந்த நிமிர்ந்து உட்கார்ந்த முதுகுகளைப் பற்றித்தான். விதவைகளின் வீட்டைத் திருடினார்கள் என்பது ஒரு குற்றம். விதவைகளுக்கென்று ஒரு வீட்டைக்கூடக் காகிதத்தில் எழுதாமல், அவர்கள் பெயரை மட்டும் காற்றில் மிதக்கவிட்டு ஒரு கட்டடத்தையே எழுப்பினார்கள் என்பது அதைவிடப் பெரிய குற்றம். ஆணையத்தின் வாக்கியம் இவர்களை விடுதலை செய்யவில்லை. குற்றப்பத்திரிகையில் ஒரு பக்கத்தைக் கூட்டியிருக்கிறது.

எப்படி என்று பார்க்கலாம்.

தொண்ணூறுகளில் ராணுவ அதிகாரிகள் சிலரும், ராணுவ நிலங்களைப் பார்த்துக்கொள்ளும் துறையில் இருந்தவர்களும் சேர்ந்து ஒரு கூட்டுறவு வீட்டு வசதிச் சங்கம் என்று கிளம்பினார்கள். அவர்கள் கண் வைத்த இடம் பல வருடங்களாக ராணுவத்தின் கைவசத்தில் இருந்தது. அதைத் தங்களுக்குத் தரும்படி மாநில அரசைக் கேட்டார்கள். கேட்டவர்கள் சாமானியர்கள் இல்லை. நிலம் யாருடையது, எந்தக் கோப்பு எந்த அலமாரியில் இருக்கிறது என்பதெல்லாம் விரல் நுனியில் தெரிந்தவர்கள். ஆனாலும் கோப்பு உடனே நகர்ந்துவிடவில்லை.

1999 மே முதல் ஜூலை வரை கார்கில் போர் நடந்தது. 527 வீரர்கள் உயிரிழந்தார்கள். டிவியில் நேரடியாகப் பார்த்த முதல் போர் என்பதால் நாடே உணர்ச்சியில் மிதந்தது. பள்ளிக்கூடப் பிள்ளைகள் உண்டியலை உடைத்து நிதி கொடுத்த காலம் அது. அந்தச் சமயத்தில் 'கார்கில்' என்ற சொல்லைக் கேட்டு எந்த அதிகாரியாவது "அதெல்லாம் இருக்கட்டும், விதி என்ன சொல்கிறது?" என்று கேட்டிருக்க முடியுமா? கேட்டால் தேசத் துரோகி. ஆகவே யாரும் கேட்கவில்லை. அரசிடம் நிலம் கேட்ட சங்கத்தின் கோரிக்கையிலும் கார்கில் வீரர்களைக் கௌரவிப்பது என்ற பேச்சு வந்து ஒட்டிக்கொண்டது. படைவீரர் நலன், ஓய்வு பெற்றோர் நலன், விதவைகள் நலன்... எத்தனை நலன்கள்! மத்திய தணிக்கைத் துறை 2011-இல் இந்த விவகாரத்துக்கென்றே தனி அறிக்கை தந்தது. முக்கியப் பதவிகளில் இருந்த ஒரு சிலர் சொந்த ஆதாயத்துக்காக விதிகளை வளைத்து விலையுயர்ந்த அரசு நிலத்தைப் பிடித்துக்கொண்டார்கள் என்பதுதான் அதன் சாரம்.

வளைத்தது எதையெல்லாம் என்று பார்த்தால் தலை சுற்றும்.

முதலில் ஒரு சாலை. கேப்டன் பிரகாஷ் பேத்தே மார்க் என்று பெயர். நகர வளர்ச்சித் திட்டத்தில் அதன் அகலம் 60.97 மீட்டர் என்று இருந்தது. 2002-இல் அதை 18.40 மீட்டராகச் சுருக்கினார்கள். மிச்சமான இடத்தில் குடியிருப்பு வரலாம் என்றார்கள். ஊரெல்லாம் சாலையை அகலப்படுத்த ஏழைகளின் குடிசையை இடிப்பார்கள். இங்கே கட்டடம் வருவதற்காகச் சாலையே வயிற்றை எக்கிக்கொண்டு ஒதுங்கி நின்றது.

அடுத்தது பஸ். பக்கத்து மனை, மும்பையின் பெஸ்ட் பேருந்து நிறுவனத்தின் டிப்போவுக்கென்று ஒதுக்கப்பட்டிருந்தது. அந்த ஒதுக்கீட்டை நீக்கி, அதன் பரப்பையும் இந்தக் கட்டடத்தின் கணக்கில் சேர்த்துக்கொள்ள விட்டார்கள். மனை பெரிதானால் எஃப்.எஸ்.ஐ. கூடும், எஃப்.எஸ்.ஐ. கூடினால் மாடி ஏறும். மாடி ஏறினால்? உறுப்பினர் பட்டியலில் இடம் கூடும். அந்த இடம் யாருக்குப் போனது என்பதில்தான் கதையே இருக்கிறது.

பிறகு கடற்கரை. கடலோர ஒழுங்குமுறை மண்டலத்தில் இப்படியொரு கட்டடத்துக்கு முறையான சுற்றுச்சூழல் அனுமதி வேண்டும். மத்திய சுற்றுச்சூழல் அமைச்சகம் 2003-இல் மாநில அரசுக்கு எழுதிய ஒரு கடிதத்தையே 'அனுமதி' என்று எடுத்துக்கொண்டார்கள். விதியைச் சுட்டிக்காட்டி வந்த கடிதத்தை அனுமதிக் கடிதம் என்று ஃபைலில் கோப்பது ஒரு தனிக் கலை. பரீட்சையில் 'மீண்டும் எழுதவும்' என்று வாத்தியார் எழுதியதை 'நன்று' என்று அப்பாவிடம் காட்டுவது போல.

இப்படி ஒவ்வொரு மேசையையும் கோப்பு தாண்டிப் போகப் போக, உறுப்பினர் பட்டியல் நீண்டது. பல மேசைகளில், கோப்பைப் பார்த்தவரின் வீட்டிலிருந்தே மகனோ மனைவியோ உறவினரோ பட்டியலில் வந்து உட்கார்ந்தார்கள். ராணுவத்தினருக்கு என்று ஆரம்பித்த சங்கத்தில் 40 சதவீதம் சிவிலியன்களைச் சேர்க்க, அப்போதைய வருவாய்த் துறை அமைச்சர் அசோக் சவான் ஒப்புதல் கொடுத்தார், அதற்குப் பலனாக உறவினர்களுக்கு வீடு பெற்றார் என்பது சி.பி.ஐ.யின் குற்றச்சாட்டு. அவர் பின்னால் முதலமைச்சரும் ஆனார். விவகாரம் வெடித்தபோது 2010 நவம்பரில் பதவி விலகினார். பட்டியலில் இரண்டு முன்னாள் ராணுவத் தளபதிகளும் ஒரு முன்னாள் கடற்படைத் தளபதியும் இருந்தார்கள். செய்தி வெளிவந்ததும், கார்கில் விதவைகளுக்கான இடம் என்பது எங்களுக்குத் தெரியாது, வீட்டைத் திருப்பித் தருகிறோம் என்றார்கள். தெரியாது என்றே வைத்துக்கொள்ளலாம். ஆனால் கொலாபாவில் கடல் பார்த்த வீடு, பத்திரிகைகள் எழுதியபடி ஒரு கோடிக்கும் குறைவாக, சந்தை விலையில் பத்தில் ஒரு பங்குக்கு வருகிறதென்றால், "ஏன் இவ்வளவு மலிவு?" என்று ஒரு கேள்வியாவது கேட்டிருக்க வேண்டாமா? கத்தரிக்காய் கிலோ இரண்டு ரூபாய் என்றால்கூட நம்மூர் அம்மாக்கள் சொத்தையா என்று புரட்டிப் பார்ப்பார்கள்.

ஆணையம் என்ன சொன்னது என்பதற்கு வரலாம். ஓய்வு பெற்ற உயர் நீதிமன்ற நீதிபதி ஜே.ஏ. பாட்டீலும், முன்னாள் தலைமைச் செயலாளர் பி. சுப்ரமணியமும் அடங்கிய இரண்டு பேர் ஆணையம் 2011 ஜனவரியில் அமைக்கப்பட்டது. 2012 ஏப்ரலில் இடைக்கால அறிக்கை வந்தது. அதில் இரண்டு முடிவுகள். நிலம் பாதுகாப்பு அமைச்சகத்துடையது அல்ல, மகாராஷ்டிர அரசுடையது. அது கார்கில் வீரர்களுக்கோ விதவைகளுக்கோ ஒதுக்கப்பட்டதும் அல்ல. (பாதுகாப்பு அமைச்சகம் இதை ஏற்கவில்லை. நிலம் தனதே என்று சொல்லி வழக்குப் போட்டது.) 2013 ஏப்ரலில் இறுதி அறிக்கை வந்தது. 102 உறுப்பினர்களில் 25 பேர் தகுதியற்றவர்கள், 22 வீடுகள் பினாமி, நான்கு முன்னாள் முதலமைச்சர்களின் ஆதரவு இருந்தது என்றெல்லாம் அதில் இருந்தது. அரசு அதை டிசம்பர் வரை வெளியே காட்டவில்லை. காட்டிய அன்றே நிராகரித்தது. சொந்தக் கட்சியின் மேலிடத்திலிருந்தே எதிர்ப்பு வந்ததும் 2014 ஜனவரியில் ஒரு பகுதியை மட்டும் ஏற்றுக்கொண்டது.

இடைக்கால அறிக்கையின் அந்த இரண்டு முடிவுகளை மட்டும் கத்தரித்து எடுத்து, தாயத்து மாதிரி கழுத்தில் கட்டிக்கொண்டவர்கள் நிறையப் பேர். இறுதி அறிக்கையின் 25-ம் 22-ம் அவர்கள் கண்ணில் படவில்லை.

அந்தத் தாயத்தைக் கொஞ்சம் பிரித்துப் பார்க்க வேண்டும். விதவைகளுக்கு ஒதுக்கீடு இல்லை என்றால், விதவை என்ற சொல் எதற்கு ஊர் முழுக்கச் சுற்றியது? சாதாரண சங்கமாக, நூறு பேருக்கு வீடு வேண்டும் என்று மட்டும் மனுப் போட்டிருந்தால் அந்தச் சாலை சுருங்கியிருக்குமா? பஸ் டிப்போ விலகியிருக்குமா? மும்பையில் எத்தனை ஆயிரம் சங்கங்கள் நிலம் கேட்டு மனுக் கொடுத்துவிட்டுக் காத்திருந்தன! அவற்றுக்கெல்லாம் நகராத கோப்பு இதற்கு மட்டும் ஏன் காலில் சக்கரம் கட்டிக்கொண்டு ஓடியது? ஓட வைத்ததில் பாதி பதவி, பாதி அந்தச் சீருடை. சீருடையின் பெயரால் திறந்த கதவு வழியாகச் சீருடையே போடாதவர்கள் சாரி சாரியாக உள்ளே போனார்கள். உள்ளே போன பிறகு, "கதவில் அந்தப் பெயர் எழுதியிருக்கவில்லையே" என்கிறார்கள். எழுதியிருந்தால் சட்டம் அவர்களைத் தடுத்திருக்கும். எழுதாமல் விட்டதுதான் சாமர்த்தியம்.

ஒரு போர் விதவை இதில் நீதிமன்றத்துக்குப் போக நினைத்தால் என்ன ஆகும் என்று யோசித்துப் பாருங்கள். "என் வீட்டை எடுத்துக்கொண்டார்கள்" என்று அவர் சொல்ல முடியாது, ஏனென்றால் அவர் வீடு என்று எதுவுமே இல்லை. "எனக்கு வாக்குக் கொடுத்தார்கள்" என்றும் சொல்ல முடியாது, அவரிடம் யாரும் எதுவும் சொல்லவில்லை. அவர் பெயர் எந்தப் பட்டியலிலும் இல்லை, அவர் கையெழுத்து எந்தக் காகிதத்திலும் இல்லை. அவர் இந்த வழக்கில் கட்சிக்காரரே கிடையாது! நிலம் எங்களுடையது என்று மாநில அரசும் மத்திய அரசும் அடித்துக்கொண்டன. வீடு எங்களுடையது என்று சங்கம் வாதாடியது. கடற்கரை விதி மீறல் என்று சுற்றுச்சூழல் அமைச்சகம் வந்தது. யார் பெயரைச் சொல்லி ஊரே கொந்தளித்ததோ அவர்களுக்கு மட்டும் கோர்ட்டில் நாற்காலி இல்லை.

சிப்பாயின் பெயருக்கு இந்த மந்திர சக்தி எங்கிருந்து வந்தது? பழைய கதை அது. பஞ்சாபில் 19-ஆம் நூற்றாண்டின் கடைசியில் வெள்ளைக்காரன் பெரிய பெரிய வாய்க்கால்கள் வெட்டி, பாலையாகக் கிடந்த நிலத்தைப் பாசன நிலமாக்கிக் குடியேற்றங்கள் அமைத்தான். அங்கே நிலம் பெற்றவர்களில் ஓய்வு பெற்ற சிப்பாய்களும் இருந்தார்கள். நன்றிக்கடன் என்று பேர். ஜீலம் பக்கத்துக் குடியேற்றத்தில் நிலம் வேண்டுமென்றால் ராணுவத்துக்காகக் குதிரை வளர்க்க வேண்டும் என்று நிபந்தனை போட்டார்கள். 1906-07-இல் வந்த குடியேற்ற மசோதா அந்த நிபந்தனைகளை இன்னும் இறுக்கியது. வாரிசு உரிமையில் கை வைத்தது. நிலம் உன்னுடையது மாதிரி, ஆனால் உன்னுடையது இல்லை. பஞ்சாப் கொதித்தது. 'பகடி சம்பால் ஜட்டா' என்று பெயர் பெற்ற போராட்டம் அதுதான். பகத் சிங்கின் சித்தப்பா அஜித் சிங் முன்னின்று நடத்தினார். அவரையும் லாலா லஜபதி ராயையும் மாண்டலேக்கு நாடு கடத்தினார்கள். ஆனாலும் 1907 மே மாதம் வைஸ்ராய் மிண்டோ மசோதாவுக்கு ஒப்புதல் தர மறுத்துவிட்டார். காரணம் கருணை இல்லை. பஞ்சாப் விவசாயி வீட்டுப் பையன்தான் ராணுவத்தில் துப்பாக்கியோடு நின்றுகொண்டிருந்தான். ஊரில் கொதிப்பது படை முகாமுக்கும் வந்துவிடுமே என்ற பயம்.

அந்தப் பயத்தை வெள்ளைக்காரன் விட்டுவிட்டுப் போனான், நிபந்தனைகளையும் விட்டுவிட்டுப் போனான். பயம் பெரிய அதிகாரிகளுக்குப் பயன்பட்டது. நிபந்தனை சாதாரண ஜவான்களின் தலையில் விழுந்தது.

இது வெறும் வசனம் இல்லை. ஆந்திராவிலும் தெலங்கானாவிலும் முன்னாள் படைவீரர்களுக்கு அரசு கொடுத்த நிலங்களின் கதையைப் பாருங்கள். நம்மூரில் 'கண்டிஷன் பட்டா' என்போமே, அந்த ரகம்தான். இரண்டு ஏக்கரோ ஐந்து ஏக்கரோ, பெரும்பாலும் மேட்டு நிலம். 1963-இல் போட்ட அரசாணை எண் 743, முன்னாள் படைவீரர் பத்து வருடம் கழித்து அந்த நிலத்தை விற்கலாம் என்று சொல்கிறது. தெளிவான விதி. ஆனால் 1977-இல், நிலமற்ற ஏழைகளுக்குக் கொடுத்த நிலங்களை யாரும் ஏமாற்றி வாங்கிவிடக் கூடாது என்று ஒரு சட்டம் வந்தது. நல்ல சட்டம்தான். பிறகு பதிவுச் சட்டத்தில் 22-ஏ என்ற பிரிவின் கீழ், பத்திரம் பதியக் கூடாத நிலங்களின் பட்டியல் வந்தது. தாசில்தார் ஆபீசில் பட்டியல் தயாரித்தவர், ஏழைக்குக் கொடுத்ததா படைவீரருக்குக் கொடுத்ததா என்று பிரித்தா பார்க்கப் போகிறார்? 'அரசு கொடுத்த நிலம்' என்றால் எல்லாம் ஒரே மூட்டை.

அப்புறம் என்ன? எழுபது வயதுப் பட்டாளத்துக்காரர், பேத்தி கல்யாணத்துக்கோ ஆபரேஷன் செலவுக்கோ நிலத்தை விற்கப் போனால் சார்பதிவாளர் கம்ப்யூட்டரைத் தட்டிப் பார்த்துவிட்டு, "தடை இருக்கிறது, கலெக்டரிடம் என்.ஓ.சி. வாங்கி வாருங்கள்" என்பார். கலெக்டர் ஆபீஸ் ஆர்.டி.ஓ.வுக்கு எழுதும். ஆர்.டி.ஓ. தாசில்தாருக்கு எழுதுவார். தாசில்தார் பழைய ஒதுக்கீட்டு ஆணையின் அசலைக் கேட்பார். அது நாற்பது வருடத்துக்கு முந்தைய காகிதம், பெட்டியில் கரையான் தின்றது போக மிச்சம் இருந்தால் அதிர்ஷ்டம். கடைசியில் உயர் நீதிமன்றத்துக்குப் போக வேண்டும். பத்து வருடம் கடந்த படைவீரர் நிலத்தை இப்படித் தடைப் பட்டியலில் வைத்திருக்கக் கூடாது என்று நீதிமன்றம் ஒருமுறை இல்லை, திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கிறது. ஒவ்வொரு முறையும் அந்த ஒரு மனுதாரருக்கு மட்டும் பதிவு நடக்கும். அடுத்தவர் மறுபடி முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டும்.

இந்த இழுபறிக்குப் பயந்தே, அவசரத்துக்கு அடிமாட்டு விலையில் பவர் எழுதிக் கொடுத்துவிட்டுப் போகிறவர்கள் உண்டு. ஹைதராபாத்தைச் சுற்றி நிலத்தின் விலை எகிறிய பிறகு அந்தப் பவர் பத்திரத்தை வாங்கிக் குவித்தவர்கள் யார் என்று சொல்லவே வேண்டாம். படைவீரர் பெயரில் போலி ஒதுக்கீட்டு ஆணை தயாரித்து விற்கிற கும்பலும் இருக்கிறது, அதனால்தான் அதிகாரிகள் கெடுபிடி செய்கிறார்கள் என்ற பதிலில் நியாயம் இல்லாமல் இல்லை. ஆனால் போலியைப் பிடிக்கிற வேலை அரசாங்கத்தின் வேலை. அசல் ஆளை அலைய விடுவது எப்படிப் போலியைப் பிடிக்கும்?

கொலாபாவையும் இந்த மேட்டு நிலத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். மாநிலம் வேறு, சட்டம் வேறு, சரிதான். ஆனால் பெயர் ஒன்றுதான், முன்னாள் படைவீரர். ஒரு பக்கம் விதி தெளிவாக அனுமதிக்கிற ஒரு சாதாரண விற்பனைக்கு, ஜவான் ஹைகோர்ட் வாசல்வரை நடக்கிறார். இன்னொரு பக்கம் விதியே அனுமதிக்காத 31 மாடிக்கு, சாலை ஒதுங்குகிறது, டிப்போ ஒதுங்குகிறது, கடலோர விதி கண்ணை மூடிக்கொள்கிறது. எங்கே நன்றிக்கடன்?

"அப்படியானால் ராணுவ அதிகாரிகளுக்கு வீடே கூடாதா? பனியிலும் பாலையிலும் முப்பது வருடம் இருந்தவர்கள் ஓய்வு பெற்று எங்கே போவார்கள்?" என்று ஒரு கேள்வி வரும். வர வேண்டிய கேள்விதான். இரண்டு மூன்று வருடத்துக்கு ஒருமுறை ஊர் மாறும் வேலையில் சொந்த வீடு கட்டுவது எவ்வளவு கஷ்டம் என்பது பட்டாளத்துக்காரர் வீட்டுப் பிள்ளைகளைக் கேட்டால் தெரியும். ஆனால் அதற்கு வழி இல்லாமல் இல்லையே! ராணுவ நல வீட்டு வசதி அமைப்பு என்று ஒன்று 1978-இலிருந்து இருக்கிறது. லாப நோக்கம் இல்லாமல் வீடு கட்டி, ராணுவத்தினருக்கும் அவர்களது விதவைகளுக்கும் கொடுப்பதுதான் அதன் வேலை. திட்டத்தை அறிவிக்கிறார்கள், விண்ணப்பம் வாங்குகிறார்கள், விதிப்படி ஒதுக்குகிறார்கள். அதில் குறைகள் உண்டு, தாமதம் உண்டு. ஆனால் விண்ணப்பிக்க அமைச்சரைத் தெரிந்திருக்க வேண்டியதில்லை. ஆதர்ஷில் அப்படி எந்த ஊர் முகாமிலாவது, "கொலாபாவில் வீடு, விருப்பமுள்ள ஹவில்தார்கள் விண்ணப்பிக்கலாம்" என்று ஒரு அறிவிப்பு ஒட்டியிருப்பார்களா?

அதிகாரிகள் எல்லோரும் கள்ளர்கள் என்பதல்ல இங்கே வாதம். ஆதர்ஷில் வீடு பெற்ற ராணுவத்தினரில் முறையாகத் தகுதி பெற்றவர்களும் இருந்தார்கள், ஆணையமே முக்கால்வாசிப் பேரைத் தகுதியற்றவர்கள் என்று சொல்லவில்லை. வீட்டுக் கடன் வாங்கிப் பணம் கட்டிவிட்டு வீடும் இல்லாமல் பணமும் இல்லாமல் நின்றவர்களும் அவர்களில் இருக்கலாம். அவர்கள் கோபப்பட வேண்டியது பத்திரிகைக்காரர்கள் மீதும் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் மனுப் போட்டவர்கள் மீதும் அல்ல. தங்களைக் கேடயமாக முன்னால் நிறுத்திவிட்டு, பின்னால் தங்கள் ஆட்களை ஏற்றிவிட்டவர்கள் மீதுதான்.

வழக்குகள் என்ன ஆயின? 2011 ஜனவரியில் சுற்றுச்சூழல் அமைச்சகம், மூன்று மாதத்துக்குள் கட்டடத்தை இடிக்க உத்தரவிட்டது. சங்கம் உயர் நீதிமன்றம் போனது. மூன்று மாதம் ஐந்து வருடமானது. 2016 ஏப்ரல் 29-இல் மும்பை உயர் நீதிமன்றம் இடிக்கத்தான் வேண்டும் என்றது. பதவியைத் தவறாகப் பயன்படுத்திய அரசியல்வாதிகள், அதிகாரிகள் மீது நடவடிக்கை எடுப்பது பற்றியும் சொன்னது. மேல்முறையீட்டுக்கு 12 வாரம் அவகாசம் கொடுத்தது. அந்த ஜூலையிலேயே உச்ச நீதிமன்றம் இடிப்பை நிறுத்தி வைத்து, கட்டடத்தை மத்திய அரசு தன் பொறுப்பில் எடுத்துக்கொள்ளச் சொன்னது. ராணுவம் போய்ச் சாவியை வாங்கிக்கொண்டது.

கிரிமினல் வழக்கு இன்னும் சுவாரஸ்யம். 2012 ஜூலையில் சி.பி.ஐ. 13 பேர் மீது குற்றப்பத்திரிகை போட்டது. அசோக் சவான் மீது வழக்கு நடத்த 2013 டிசம்பரில் ஆளுநர் சங்கரநாராயணன் அனுமதி மறுத்தார். ஆட்சி மாறியது, ஆளுநர் மாறினார். 2016 பிப்ரவரியில் வித்யாசாகர் ராவ் அனுமதி கொடுத்தார். 2017 டிசம்பரில் உயர் நீதிமன்றம் அந்த அனுமதியை ரத்து செய்தது, முதல் மறுப்பை மாற்றும் அளவுக்குப் புதிய ஆதாரம் எதுவும் இல்லை என்றது. ஆக, சவான் குற்றவாளி என்று எந்த நீதிமன்றமும் சொல்லவில்லை. அதை நேர்மையாகக் குறிப்பிட்டாக வேண்டும். ஆதர்ஷை வைத்து ஊர் ஊராக அவரைத் திட்டிய பாரதிய ஜனதா கட்சியில் அவர் 2024 பிப்ரவரியில் சேர்ந்தார், மாநிலங்களவைக்கும் போனார் என்பதையும் அதே நேர்மையோடு குறிப்பிடலாம். மேடையில் கார்கில் விதவைகளுக்காகக் கண்ணீர் விட்ட வாய்கள் அன்றைக்கு மாலை போட்டு வரவேற்றன. முதலில் நிலம் வாங்க அவர்கள் பெயர் பயன்பட்டது. அப்புறம் ஓட்டு வாங்கப் பயன்பட்டது. இரண்டு தரப்புக்கும் வேலை முடிந்தது.

கடைசியாக ஒன்று. "இவ்வளவு பெரிய கட்டடத்தை ஏன் இடிக்க வேண்டும்? போர் விதவைகளுக்கே கொடுத்துவிடலாமே" என்று நல்ல மனதோடு கேட்பவர்கள் நிறைய. இடிக்க உத்தரவிட்ட அன்றைய அமைச்சர் ஜெய்ராம் ரமேஷ் 2011-இலேயே இதை யோசித்திருக்கிறார். முழுசாக இடிப்பதா, விதியை மீறிய மாடிகளை மட்டும் இடிப்பதா, அரசே எடுத்துப் பொது உபயோகத்துக்குக் கொடுப்பதா என்று மூன்று வழிகளைப் பார்த்துவிட்டு, பின்னிரண்டும் நடந்த மீறலை ஏற்றுக்கொள்வது போலாகிவிடும் என்று சொல்லி முதல் வழியை எடுத்தார். அது சரியான முடிவு. விதவைகள் பெயரைச் சொல்லிக் கட்டிய சட்டவிரோதக் கட்டடத்தை, மறுபடி விதவைகள் பெயரைச் சொல்லியே சட்டபூர்வமாக்குவது என்றால் அதே சாவியை இரண்டாம் முறை போடுவதுதான். அடுத்த ஆதர்ஷ் கட்டுகிறவன் முதல் நாளே கணக்குப் போட்டுவிடுவான்: மாட்டிக்கொள்ளாவிட்டால் நமக்கு, மாட்டிக்கொண்டால் விதவைகளுக்கு, எப்படியும் கட்டடம் நிற்கும்.

அவர்களுக்கு வீடு கொடுக்க அரசுக்கு உண்மையிலேயே மனம் இருந்தால் மும்பையில் வேறு அரசு நிலமே இல்லையா? ஒரு ஆணை, அதில் பெயர்ப் பட்டியல், எந்தத் தேதிக்குள் என்று ஒரு வரி, கொடுக்காவிட்டால் அவர்களே கோர்ட்டுக்குப் போகலாம் என்று இன்னொரு வரி. நாலு பக்கத்தில் முடிகிற காகிதம். சாலையின் அகலத்தை 60.97 மீட்டரிலிருந்து 18.40 மீட்டராகச் சென்டிமீட்டர் பிசகாமல் அளந்து எழுதத் தெரிந்த அதே அலுவலகங்கள்தானே?